மெழுகில் விழுந்த முணுமுணுப்பு

வெள்ளிக்கிழமை காலை எட்டரை மணிக்குக் கேம்டன் டவுனில் ரூக்கின் வீட்டுக்குள் வந்த பெண், முதல் காரியமாகக் கதவைத் தானே தாழிட்டாள். தாழ் சரியாக விழுந்திருக்கிறதா என்று இரண்டு முறை இழுத்துப் பார்த்தாள். அதற்குப் பிறகுதான் தொப்பியைக் கழற்றினாள்.

செப்டிமஸ் ரூக் இருபத்தெட்டு வருடம் போலீஸில் இருந்து ஓய்வு பெற்றவர். எந்த அவசரத்துக்காகவும் அவர் காலை உணவை ஆறவிட்டதில்லை. புகைபோட்ட மீனின் கடைசித் துண்டை ரொட்டியோடு மென்றுகொண்டே எதிர் நாற்காலியைக் காட்டினார். மேசையின் மறுபக்கம் மிஸ் பெர்த்தா காம் அதற்குள் பென்சிலும் நோட்டுமாகத் தயாராகிவிட்டாள். மாடியில் குடியிருப்பவள். பத்து வருடம் ஒரு கொட்டகையில் திரைக்குக் கீழே உட்கார்ந்து ஊமைப்படங்களுக்குப் பியானோ வாசித்தவள். போன வருடம் பேசும்படம் வந்தது. கொட்டகைக்காரன் பியானோவை மூடிவிட்டு ஒரு நன்றிக் கடிதம் கொடுத்தான். அன்றிலிருந்து அவளுடைய சுறுசுறுப்பு முழுவதும் ரூக்கின் தலையில் விடிந்தது. என்னைக் கேட்டால் அதற்கு அவர் கொடுத்துவைத்திருக்க வேண்டும். அவர் அதை ஒருநாளும் ஒப்புக்கொண்டதில்லை.

"உக்காரும்மா. டீயைக் குடி. அப்புறம் சொல்லு" என்றார் ரூக்.

"ஐவி ட்ரான்டர்னு பேரு சார்." கோப்பையைக் குடிக்காமலே மேசையில் வைத்தாள். "நான் என்ன வேலை பாக்கறேன்னு யார்கிட்டயும் சொல்லமாட்டேன்னு கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கேன். நாளைக்குச் செத்துப்போயிட்டா அந்தக் கையெழுத்தை வெச்சிக்கிட்டு என்ன பண்றது? அதான் வந்துட்டேன்."

அவள் சொன்ன கதை இது. வடக்கே ஹாலோமீட் ஸ்டுடியோவில் 'பிரைட்டன் பூக்காரி' என்று ஒரு பாட்டுப் படம் எடுக்கிறார்கள். பூக்காரியாக நடிப்பவள் டாஃப்னி லாரிமோர். ஊமைப்படக் காலத்தில் அவள் முகத்தைப் பார்க்கத் தெருமுனை வரைக்கும் வரிசை நின்றது. பேசும்படம் வந்ததும்தான் குட்டு உடைந்தது. அவள் குரல் கரகரவென்று இருக்கும், பாட்டு சுத்தமாக வராது. ஆகவே டாஃப்னி கேமராவுக்கு முன்னால் உதட்டை மட்டும் அசைப்பாள். அதே நேரத்தில் ஜோடனைச் சுவருக்குப் பின்னால், நாலடிக்கு நாலடி மரப்பெட்டிக்குள், ஒரு மைக்கின் முன் நின்றுகொண்டு ஐவி பாடுவாள்.

"உள்ளே சுத்தி மெத்தை அடிச்சிருப்பாங்க, வெளிச்சத்தம் வராம இருக்க. பாக்கறதுக்கு ஒரு சின்ன ஓட்டை. யாராவது தெரியாம திறந்துடுவாங்கன்னு நானே உள்பக்கம் தாழ் போட்டுக்குவேன். புதன்கிழமையும் போட்டுக்கிட்டேன். பாட்டு எடுத்தாங்க. நேத்துக் காலையில டைரக்டர் ரூம்ல, பாட்டு பதிஞ்ச மெழுகுத் தட்டை ஓட்டிக் கேட்டோம்." அவள் கழுத்தை ஒரு கையால் பொத்திக்கொண்டாள். "ரெண்டாவது சரணத்துல, என் பாட்டுக்கு அடியில, இன்னொரு குரல் இருந்தது சார். முணுமுணுன்னு. 'சனிக்கிழமையைத் தாண்டி நீ உயிரோட இருக்கமாட்டே'ன்னு சொல்லுச்சு."

பெர்த்தாவின் பென்சில் நின்றது.

"நீ பாடும்போது அதைக் கேட்டியா?" என்றார் ரூக்.

"கேக்கவே இல்லை. அதான் சார் பயம். பெட்டிக்குள்ள நான் ஒருத்திதான். மைக் என் வாய்க்கிட்ட இருக்கு. மனுஷனா இருந்தா என் தோள்ல இடிச்சிக்கிட்டு நின்னுதான் அதைச் சொல்லியிருக்கணும். தாழ் போட்டது போட்டபடி இருந்தது. நேத்து ராத்திரி முழுக்கக் கண்ணை மூட முடியலை."

"ஆம்பளைக் குரலா, பொம்பளைக் குரலா?"

"முணுமுணுப்புல என்ன தெரியும்? ரெண்டுல எதுவாவும் இருக்கலாம்."

"வேற யார் கேட்டாங்க?"

"டைரக்டர் க்ரேல், ஒலிப்பதிவு பண்ற எட்வின் பார், நான். மூணு பேர்தான். நடிகர்களுக்குத் தெரிஞ்சா வேலை கெட்டுடும், யாரும் மூச்சு விடக்கூடாதுன்னு க்ரேல் சொல்லிட்டாரு. நாளைக்குச் சனிக்கிழமை. கடைசி நாள் படப்பிடிப்பு."

"ஒரு நாள் போகாம இருந்தா என்ன, கண்ணு?" என்றாள் பெர்த்தா.

"போகலைன்னா வீடு தேடி வரமாட்டாங்களாம்மா? தாழ் போட்ட பெட்டிக்குள்ளயே வந்தாங்களே."

 ரூக் தட்டை நகர்த்திவிட்டு எழுந்து கோட்டை மாட்டினார்.

ஹாலோமீட் ஸ்டுடியோ ஒரு காலத்தில் செங்கல் சூளையாக இருந்த இடம். மழை தூறிக்கொண்டிருந்தது. படப்பிடிப்புக் கூடத்தின் வாசலில் காவல்காரன் ஹாப்ளி ஒரு பெரிய கூடையிலிருந்து கம்பளித் துணியில் தைத்த உறைகளை எடுத்து நீட்டினான்.

"பூட்ஸ் மேல மாட்டிக்குங்க. உள்ளே போற எல்லாரும் மாட்டணும், ராஜாவே வந்தாலும். தரைப் பலகையில ஒரு காலடிச் சத்தம் விழுந்தாப் போதும், பார் சார் என்னைக் கொன்னுடுவாரு."

"எல்லாரும்னா நடிகர்களும்தானா?" என்றாள் பெர்த்தா.

"இந்தப் பாட்டுல ஆடற ரெண்டு பேரு மட்டும் விதிவிலக்கு. அவங்க காலு படத்துல விழுதில்ல? கம்பளிச் செருப்போட காதலிக்க முடியுமா?" தன் நகைச்சுவைக்குத் தானே சிரித்துக்கொண்டவன், வாயிலுக்கு வெளியே பார்த்துச் சிரிப்பை அடக்கினான். "அதோ வர்றாங்க. பாவம், நனைஞ்சிக்கிட்டு."

டாஃப்னி லாரிமோர் குடையும் இல்லாமல் ரயிலடியிலிருந்து நடந்து வந்துகொண்டிருந்தாள். பக்கத்தில் கதாநாயகன் ரூபர்ட் ஆன்ஸ்லி அவள் முழங்கையைப் பிடித்திருந்தான்.

"இவ்வளவு பெரிய நடிகைக்குக் கார் அனுப்பமாட்டாங்களா?" என்றார் ரூக்.

"அனுப்பினா ஏறமாட்டேங்கறாங்க சார். கிறிஸ்துமஸ்ல இருந்து அப்படித்தான். ஹாரன் சத்தம் கேட்டாலே உதறுது. மிஸ்டர் ஆன்ஸ்லியும் புதுக் காரை வித்துட்டாரு. அவங்களுக்குத் துணையா ரயில்லயே வர்றாரு. தங்கமான மனுஷன்."

"குட் மார்னிங் மேடம்" என்றார் ரூக், அவர்கள் அருகே வந்ததும்.

டாஃப்னி வாயைத் திறந்தாள். "மேடத்துக்குத் தொண்டை சரியில்லை" என்று ரூபர்ட் சிரித்துக்கொண்டே பதில் சொல்லிவிட்டு அவளை உள்ளே அழைத்துப் போனான். தோல் அடி வைத்த இரண்டு ஜோடிக் காலணிகளும் டக் டக்கென்று கூடத்துக்குள் போய் மறைந்தன. ரூக் கொஞ்ச நேரம் அந்தப் பக்கமே பார்த்தார்.

டைரக்டர் மார்ட்டிமர் க்ரேல் பருத்த மனிதர். ஊமைப்படக் காலத்தில் ஒலிபெருக்கிக் குழலைப் பிடித்து, கேமரா ஓடும்போதே "அழு, இன்னும் அழு" என்று கத்திப் பழகியவர். இப்போது கத்தினால் தட்டில் பதிந்துவிடும். பழக்கம் விடாததால், கேமரா ஓடும் நேரமெல்லாம் வாயில் கைக்குட்டையைக் கட்டிக்கொள்கிறார்.

"போலீஸ்ல இருந்தவருன்னு சொல்றீங்க, பத்திரிகைக்குப் போகமாட்டீங்கன்னு நம்பறேன்" என்றார். "எவனோ விளையாடியிருக்கான். நாளைக்கு ஊஞ்சல் காட்சி இருக்கு. டாஃப்னியை முப்பதடி உயரத்துக்குத் தூக்கணும். எனக்கு அந்தக் கவலையே பெரிசு. நல்லவேளை, கயித்து முடிச்சை நானே போடறேன்னு ரூபர்ட் ஒத்துக்கிட்டான். கப்பல்ல வேலை பாத்தவன்."

மெழுகுத் தட்டை ஓட்டினார்கள். எட்வின் பார், ஒல்லியான மனிதன், நகம் கடித்துக் கடித்து விரல் நுனியெல்லாம் சிவந்திருந்தான். "இன்னும் ரெண்டு தடவைதான் ஓட்ட முடியும். ஓட்ட ஓட்ட மெழுகு தேஞ்சிடும்" என்றான்.

முதல் சரணம் வாத்தியங்களோடு நன்றாகவே போனது. இரண்டாவது சரணத்தில் பியானோ மட்டும். ஐவியின் குரல் தணிந்தது. அதற்கு அடியில் அது வந்தது. முதலில் மிகத் தூரத்திலிருந்து, பிறகு காதுக்குள்ளேயே, பிறகு மறுபடியும் விலகிப்போனது. *சனிக்கிழமையைத் தாண்டி நீ உயிரோட இருக்கமாட்டே.* ஐவி சுவரோடு ஒட்டிக்கொண்டாள்.  அந்தக் குரலில் கோபம் இல்லை, அவசரம் இல்லை. நாளைக்கு மழை வரும் என்று சொல்வது போல ஒரு செய்தி. சரணம் முடிந்து, பாட்டை ஐவி முனகலாக நீட்ட, "பூ வாங்கலையா, பூ" என்று கரகரத்த ஒரு பெண்குரல் கேட்டது.

"அது யாரு?" என்றாள் பெர்த்தா.

"டாஃப்னி. பாட்டுல அவ சொந்தக் குரல் அந்த ஒரு வரிதான். அதுக்கு மேல தாங்காது" என்றார் க்ரேல்.

"முணுமுணுப்பு வர்ற இடத்தை மட்டும் இன்னொரு தடவை" என்றார் ரூக். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். "மிஸ் காம், உங்க காது பழகின காது. அதுக்கு அடியில வேற ஏதாவது கேக்குதா?"

"டக், டக்னு ஒரு சத்தம். தாளத்துக்குச் சரியா விழுது. பட்டுத்துணி உரசற மாதிரியும் ஏதோ."

ரூக் தலையை அசைத்துவிட்டுப் பாரிடம் திரும்பினார். "பாட்டு எடுக்கும்போது எத்தனை மைக் திறந்திருக்கும்?"

"பாட்டுக்கு ஒண்ணுதான் சார். பெட்டி மைக். அதுதான் வழக்கம். இங்க யாரைக் கேட்டாலும் சொல்லுவாங்க."

அடுத்து பெட்டியைப் பார்க்கப் போனார்கள். ரூக் உள்ளே நுழைந்து தாழிட்டுக்கொண்டார். ஐந்து நிமிடம் கழித்து வியர்வையோடு வெளியே வந்தார். மெத்தை எங்கும் கிழியவில்லை, ஆணி ஒன்றும் பிடுங்கப்படவில்லை. ஒரு பூனைகூட நுழைய வழி இல்லை. ஐவி அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் இல்லையென்று தலையாட்டியதும் அவளுக்கு இருந்த கொஞ்சநஞ்சத் தெம்பும் போய்விட்டது.

"அப்போ அது மனுஷன் இல்ல" என்றாள்.

"மனுஷன்தாம்மா. அதனாலதான் கவலைப்படறேன்" என்றார் ரூக்.

பெர்த்தா அவரைத் தனியே இழுத்தாள். "எனக்குத் தெரிஞ்சுபோச்சு. டாஃப்னிதான். தன் குரலை இன்னொருத்தி வெச்சிருக்கான்னா எந்தப் பொம்பளைக்குத்தான் எரியாது? நாளைக்குப் படம் முடிஞ்சதும் ஐவி அவளுக்குத் தேவையே இல்லை. வாங்க, போய்க் கேட்டுடலாம்."

"முதல்ல அவ உதட்டைப் பாக்கலாம்" என்றார் ரூக்.

புதன்கிழமை எடுத்த படச்சுருள் கழுவி வந்திருந்தது. ஒலி இல்லாமல் அதைச் சின்ன அறையில் ஓட்டச் சொன்னார். இருட்டில் டாஃப்னியும் ரூபர்ட்டும் கன்னத்தோடு கன்னம் வைத்து ஆடினார்கள். முன்னால் ஒரு பெரிய பூக்கூடை. பெர்த்தாவுக்கு இது பழகிய உலகம். பத்து வருடம் சத்தமில்லாத உதடுகளைப் பார்த்தே பியானோ வாசித்தவள். அந்தக் காலத்து நட்சத்திரங்கள் காதல் காட்சியில் என்னென்ன கெட்ட வார்த்தை பேசிக்கொண்டார்கள் என்பது அவளுக்கு அத்துப்படி. யாருக்கும் கேட்காது என்ற தைரியம் அவர்களுக்கு.

"பாட்டுக்குச் சரியா அசையுது... இப்பவும் சரி... ரெண்டாவது சரணம் ஆரம்பிச்சாச்சு. கூடைகிட்ட வர்றாங்க." அவள் நிறுத்தினாள். "உதட்டை மூடிட்டா."

"எவ்வளவு நேரம்?"

"பாட்டுல ரெண்டு அடி. அப்புறம் மறுபடியும் பாடறா. ஆனா மூஞ்சியைப் பாருங்களேன்."

"அந்த ரெண்டு அடியை மறந்துட்டான்னு அவளை நான் வாங்கு வாங்குன்னு வாங்கினேன்" என்றார் க்ரேல் இருட்டிலிருந்து.

ரூக் மறுபடி ஓட்டச் சொன்னார். அந்த இரண்டு அடி நேரம் ரூபர்ட்டின் முதுகுதான் கேமராவுக்குத் தெரிந்தது. அவன் முகம் அவள் காதோரக் கூந்தலுக்குள் புதைந்திருந்தது. டாஃப்னியின் கண்கள் மட்டும் அகலத் திறந்து எங்கேயோ பார்த்தன. திரையில் அவள் அழகாகத்தான் தெரிந்தாள். 

மேலே, சுவரில் கண்ணாடி வைத்துக் கட்டிய ஒலிப்பதிவு அறையில் ரூக் எல்லோரையும் கூட்டினார். க்ரேல், பார், ஐவி, பெர்த்தா. கதவைச் சாத்தினார்.

"மிஸ்டர் பார், 'பூ வாங்கலையா'ன்னு டாஃப்னி சொல்ற வரி எந்த மைக்ல பதியுது?"

"பூக்கூடைக்குள்ள ஒண்ணு ஒளிச்சு வெச்சிருக்கோம் சார். அதுல."

"அதை எப்போ திறக்கறீங்க?"

"அந்த வரி வரும்போ..." பார் பாதியில் நின்றான். கையிலிருந்த நகம் வாய்க்குப் போனது. "இல்ல. அந்த நேரத்துல திறந்தா டிக்னு ஒரு சத்தம் மெழுகுல விழும். அதனால முன்னாடியே, முதல் சரணம் முடியும்போது வாத்தியச் சத்தத்தோட சத்தமாத் திறந்துடுவேன். கடவுளே, அது பாட்டுக்குத் திறந்து கிடந்திருக்கு. எனக்குத் தோணவே இல்லை. யாரும் கேக்கலையே."

"பாட்டுன்னா ஒரே மைக். அப்படிச் சொல்லிச் சொல்லி உங்களுக்கே மறந்துபோச்சு. இந்தக் கூடத்துல எல்லாரும் அதைத்தான் நம்பறாங்க. முணுமுணுத்தவனும் நம்பினான்." ரூக் நாற்காலியில் சாய்ந்தார். "ஐவி, பயப்படாம கேளு. உன் பெட்டிக்குள்ள யாரும் வரலை. அந்தக் குரல் தூரத்துல இருந்து வந்து, கிட்ட வந்து, போச்சு. நாலடிப் பெட்டிக்குள்ள யாரும் நடந்து வந்து நடந்து போக முடியாது. நடந்துக்கிட்டே பேசினவங்க கூடைக்குப் பக்கத்துல போனவங்கதான். அடியில டக் டக்னு சத்தம் கேட்டது. இந்தக் கூடத்துல நாப்பது பேரும் கம்பளி உறை மாட்டியிருக்காங்க. காலடி கேக்கற மாதிரித் தோல் செருப்புப் போட்டவங்க ரெண்டே பேர்."

"டாஃப்னியும் ரூபர்ட்டும்" என்றார் க்ரேல். "அதுல டாஃப்னிதான்னு எப்படி இல்லைன்னு சொல்றீங்க?"

"அவ உதடு மூடியிருந்தது. மிஸ் காம் பாத்தாங்க. பேசறவ உதட்டை மூட மாட்டா. காதுல விழறதைக் கேட்டவதான் மூடுவா."

ஐவி மெதுவாகச் சொன்னாள்: "அப்போ அவன் சொன்னது எனக்கு இல்லையா?"

"உனக்கு இல்லம்மா. அவன் கட்டிப்பிடிச்சிருந்தவளுக்கு."

அந்த அறையில் யாருக்கும் நிம்மதி வரவில்லை. பயம் ஒருத்தி தலையிலிருந்து இறங்கி இன்னொருத்தி தலையில் ஏறியது, அவ்வளவுதான். கண்ணாடிக்குக் கீழே, ஒப்பனைக்காரிகளுக்கு நடுவில் டாஃப்னி நின்றாள். ரூபர்ட் அவள் முழங்கையை விடவில்லை.

"நாளைக்கு ஊஞ்சல்" என்று க்ரேல் முணுமுணுத்தார். அவர் முகம் வெளுத்துப் போயிருந்தது. "முடிச்சை அவன்தான் போடறான்."

"அதை நான் முன்னாடியே யோசிச்சாச்சு. ஊஞ்சலை நிறுத்திட்டா வேற வழி பாப்பான். அவனைப் பிடிச்சு விசாரிச்சா, 'காதல் காட்சில சும்மா சொன்னேன்'னு சிரிப்பான். முணுமுணுப்பை வெச்சு இன்னார் குரல்னு எந்தக் கோர்ட்லயும் சொல்ல முடியாது. சாட்சி ஒருத்திதான். அவ ஏன் பேசாம இருக்கான்னு எனக்கு ஓரளவு தெரியும். கிறிஸ்துமஸ் சமயத்துல ஒரு கார்ல ஏதோ நடந்திருக்கு. மிச்சத்தை அவதான் சொல்லணும். அவளைத் தனியா விடவே மாட்டேங்கறான்."

"பொம்பளைங்க அறைக்குள்ள அவன் வர முடியாதே" என்றாள் பெர்த்தா, எழுந்துகொண்டே.

க்ரேல் கீழே போய், மெழுகு கெட்டுவிட்டதால் பூக்கூடைப் பாட்டை மறுபடி எடுக்க வேண்டும் என்று அறிவித்தார். குரல் நடுங்கியது, எல்லோரும் அதை எரிச்சல் என்று எடுத்துக்கொண்டார்கள். ரூக் பக்கத்துக் காவல் நிலையத்துக்கு டெலிபோன் செய்தார்.

பெர்த்தா வாய் நிறையக் கொண்டை ஊசியோடு ஒப்பனை அறைக்குள் நுழைந்தாள். கதவுக்கு வெளியே ரூபர்ட்டின் காலணி மேலும் கீழுமாக நடந்துகொண்டிருந்தது. டக், டக். கூந்தலைச் சரி செய்கிறவள் போல டாஃப்னியின் காதருகே குனிந்தாள்.

"புதன்கிழமை அவன் சொன்னது மெழுகுல விழுந்திருக்கும்மா. கூடைக்குள்ள மைக் திறந்திருந்தது. இன்னிக்கும் திறந்திருக்கும். மேல நாங்க கேட்டுக்கிட்டிருப்போம். வாசல்ல போலீஸ் நிக்கும். நீங்க சொன்னாத்தான் அவங்க உள்ளே வர முடியும்."

 பவுடர் பஞ்சு டாஃப்னியின் கையிலிருந்து விழுந்து மடியெல்லாம் வெள்ளையானது.

"என்னம்மா, இவ்வளவு நேரம்?" என்று வெளியிலிருந்து ரூபர்ட் கேட்டான். அவள் எழுந்து போய்விட்டாள்.

"சொல்லுவாளா?" என்றார் ரூக், பெர்த்தா மேலே வந்ததும்.

"தெரியலை. என் கையைப் பிடிச்சா. ஐஸா இருந்தது. அவ்வளவுதான் தெரியும்."

மணி அடித்தது. மின்விசிறிகள் நின்றன. சிவப்பு விளக்கு எரிந்தது. அது எரிந்துகொண்டிருக்கும் வரை யாரும் பேசக்கூடாது, நகரக்கூடாது, இருமக்கூடாது. க்ரேல் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டார். ஐவி பெட்டிக்குள் போய்த் தாழிட்டுக்கொண்டாள். மிரட்டல் தனக்கு இல்லை என்று தெரிந்தும் தாழை இரண்டு முறை இழுத்துப் பார்த்தாள். வாசலில் கனத்த பூட்ஸ்மேல் கம்பளி உறை மாட்டிக்கொண்டு இரண்டு கான்ஸ்டபிள்கள் நின்றார்கள். ஹாப்ளி அந்த விஷயத்தில் யாருக்கும் சலுகை காட்டுகிறவன் இல்லை.

முதல் சரணம் முடிந்தது. வாத்தியச் சத்தத்தோடு பார் கூடை மைக்கைத் திறந்தான். பியானோ மட்டும் கேட்டது. ஒலிப்பதிவு அறையில் இன்றைக்கென்றே மாட்டியிருந்த ஒலிபெருக்கியில் பட்டு உரசியது. டக், டக். அருகே, அருகே.

"நாளைக்கு இந்நேரம் எல்லாம் முடிஞ்சிருக்கும்" என்றது முணுமுணுப்பு. "சிரி. கேமரா பாக்குது."

பெர்த்தா ரூக்கின் கையை அழுத்திப் பிடித்தாள். டாஃப்னியின் குரல் வரவில்லை. காலடி விலகியது. கண்ணாடி வழியே பார்த்தால் இருவரும் காதலர்களாகத்தான் சுற்றினார்கள். இன்னும் ஒரு சுற்று. கூடைக்கு முன் நின்று அவள் தன் ஒரே வரியைச் சொல்ல வேண்டும். அதைச் சொல்லிவிட்டால் பாட்டு முடிந்துவிடும். நாளை விடிந்துவிடும். ரூக் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். அவர் அப்படிச் செய்து பெர்த்தா பார்த்ததே இல்லை.

ஐவியின் குரல் முனகலாகத் தணிந்தது. டாஃப்னி கூடைக்கு முன் நின்றாள். வாய் திறந்தது. ஒன்றும் வரவில்லை. பியானோக்காரர் அந்த அடியையே திரும்ப வாசித்தார். மறுபடியும் வாசித்தார்.

"பூ வேண்டாம்" என்றாள் டாஃப்னி. கரகரத்த, உடைந்த குரல். "இவன் போன கிறிஸ்துமஸுக்கு மூணு நாள் முன்னாடி எப்பிங் காட்டு ரோட்ல கார் ஏத்தி ஒரு ஆளைக் கொன்னான். பால் வண்டிக்காரன். நான் பக்கத்துல உக்காந்திருந்தேன். நிறுத்துன்னு கத்தினேன், நிறுத்தலை. படம் முடிஞ்சதும் போலீஸுக்குப் போவேன்னு சொன்னேன். அதனால நாளைக்கு என்னைக் கொல்லப்போறான். எப்படின்னு எனக்குத் தெரியாது. எனக்குப் பயமா இருக்கு."

நாற்பது பேரும் நின்றபடியே நின்றார்கள். சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அந்த விளக்குக்குக் கீழே அசையாமல் இருக்கத்தான் அவர்களுக்குப் பழக்கம். கைக்குட்டைக்குப் பின்னால் க்ரேலின் கண்கள் கலங்கின, ஆனால் அவர் நிறுத்தச் சொல்லவில்லை. பெட்டிக்குள் ஐவி, யாரும் நிறுத்தச் சொல்லாததால், அழுதுகொண்டே அந்த முனகலை நீட்டிக்கொண்டிருந்தாள். ரூபர்ட்டின் கை டாஃப்னியின் இடுப்பிலிருந்து முதுகு வழியாக மேலே ஏறியது. கழுத்துக்கு வந்தது. ரூக் கண்ணாடிக்குப் பின்னால் கையை உயர்த்தினார்.

கான்ஸ்டபிள்கள் கம்பளிக் கால்களோடு பலகையைக் கடந்ததை அவன் கேட்கவே இல்லை. தோளில் கை விழுந்த பிறகுதான் திரும்பினான். பிடித்த பிடியை விடுவித்தபோது டாஃப்னியின் கழுத்தில் நாலு விரல் தடம் இருந்தது.

அவன் சிரிக்கப் பார்த்தான். "இவ குரலை வெச்சிக்கிட்டு என்ன பண்ணப்போறீங்க? இதுவரைக்கும் இவ குரலை நீங்களே வெளிய விட்டதில்லையே. வெட்டி எறியுங்க க்ரேல்."

"மெழுகை வெட்ட முடியாது மிஸ்டர் ஆன்ஸ்லி" என்று மேலேயிருந்து பாரின் குரல் கூடத்து ஒலிபெருக்கியில் வந்தது. "விழுந்தது விழுந்ததுதான்."

அவனை இழுத்துக்கொண்டு போனார்கள். வாசல் வரைக்கும் அந்தக் காலணிச் சத்தம் கேட்டது, பிறகு நின்றுவிட்டது. டாஃப்னி நின்ற இடத்திலேயே நின்றாள். யாரிடம் பேசுவது என்று தெரியாமல் பூக்கூடையையே பார்த்துக் கேட்டாள்.

"நான் மறுபடியும் சொல்லணுமா? என் குரல் நல்லா இருக்காது. சரியாக் கேட்டுச்சா?"

மேலே எட்வின் பார் மைக்கின் பக்கம் குனிந்தான். பிறகு, வழக்கமாக வேலை முடிந்ததும் ஐவியிடம் மட்டுமே சொல்கிற வார்த்தைகளைச் சொன்னான்.

"வேண்டாம் மேடம். ஒரே தடவையில சரியா வந்துடுச்சு."